தாவாக்கட்டையில் சிங்கம்

என் மூஞ்சியைப் பற்றி இதுவரை யாரும் ஒரு நல்ல வார்த்தை சொன்னது கிடையாது. பெண் பார்க்கப் போன அன்று என் மாமியார் என்னை மேலும் கீழும் பார்த்துவிட்டு, "உடம்பு நல்லா ஒழைச்ச உடம்பா கீது" என்றார். கழுத்துக்கு மேலே அவர் போகவே இல்லை. ஆனாலும் நான் பிழைத்தது அந்த மூஞ்சியை வைத்துத்தான். பள்ளிக்கூடத்தை நான் விட்டுவிட்டேன் என்று வெளியே சொல்வது வழக்கம். உண்மையில் பள்ளிக்கூடம்தான் என்னை வெளியே தள்ளிவிட்டு நிம்மதியாக மூச்சு விட்டது. தமிழை எழுத்துக் கூட்டிப் படிப்பேன். இங்கிலீஷ் எழுத்தைப் படம் பார்ப்பது மாதிரி பார்ப்பேன். இப்படிப்பட்டவனைக் கும்மிடிப்பூண்டி சிப்காட்டில் கம்பி தயாரிக்கிற ஒரு கம்பெனியில் கான்ட்ராக்ட் ஆளாகச் சேர்த்துக்கொண்டார்கள். ஆறின கம்பியைக் கட்டுக்கட்டாகக் கட்டி லாரிக்குத் தயார் செய்வது என் வேலை. கேன்டீன் வரிசையில் நின்று எல்லாரையும் சிரிக்க வைப்பது, யாரும் கொடுக்காமல் நானே எடுத்துக்கொண்ட வேலை.

சூப்பர்வைசர் மாதிரி நடந்து காட்டுவேன். ஆட்களுக்குப் பட்டப்பேர் வைப்பேன். மெஷின் சத்தத்தில் காது மந்தமாகிப்போன ஒரு பெரியவருக்கு 'நெட்வொர்க் இல்ல' என்று பேர் வைத்தது நான்தான். அவருக்கு அது காதிலேயே விழாததால் கோபமும் வரவில்லை. அப்படி ஒரு பாதுகாப்பான தொழில்.

கம்பெனியில் பர்மனென்ட் ஆட்களுக்கு ஆளுக்கு ஒரு ஹெல்மெட், அதை வைக்க ஒரு லாக்கர். எங்களை மாதிரி கான்ட்ராக்ட் ஆட்களுக்கு கேட்டுப் பக்கத்தில் ஒரு பெரிய இரும்புத் தொட்டி. அதில் ஹெல்மெட்டுகள் குவிந்து கிடக்கும். ஷிப்ட் முடிந்து வெளியே போகிறவன் கழற்றி அதில் எறிவான். உள்ளே வருகிறவன் கைக்கு வந்ததை எடுத்து மாட்டுவான். எறிந்தவனுடைய வேர்வை காய்வதற்குள் அந்த ஹெல்மெட்டின் நாடா நம் தாவாக்கட்டையில் வந்து ஒட்டிக்கொள்ளும். நாடா தொளதொளவென்று இருந்தால் உள்ளே விடமாட்டார்கள். கேட்டில் நிற்கிற ஆள் விரலை விட்டு இழுத்துப் பார்ப்பான். அதனால் எல்லாரும் கழுத்தை நெரிக்கிற மாதிரி இறுக்கிக் கட்டுவோம். உலைச் சூட்டில் நாள் பூராவும் அது உராய்ந்துகொண்டே இருக்கும்.

என் புண் ஆரம்பித்தது சரியாக அந்த நாடா ஓடுகிற இடத்தில். அது எனக்கு அப்போது தெரியாது. தெரிந்திருந்தால் நான் ஏன் கம்பி கட்டுகிறேன்?

முதலில் கொசு கடித்த மாதிரி ஒரு சிவப்பு. அரித்தது, சொறிந்தேன். பிறகு அதில் தண்ணீர் கட்டி ஒரு சின்னக் கொப்புளம். அதையும் சொறிந்தேன். அது உடைந்து மஞ்சளாக ஏதோ கசிந்து, காலையில் பார்த்தால் வெல்லப்பாகு காய்ந்த மாதிரி ஒரு பொருக்கு. வலி பெரிதாக இல்லை, அரிப்புதான். அந்தக் கையாலேயே மூக்கை நோண்டியதில், நாலு நாள் கழித்து மூக்கோரத்திலும் வெல்லம் காய்ந்தது.

கேன்டீனில் உடனே மருத்துவர்கள் கிளம்பிவிட்டார்கள். பல்லி மூத்திரம் என்றான் ஒருவன். பூரான் ஊர்ந்திருக்கும் என்றான் இன்னொருவன். என்னோடு ஒரே ரூமில் தங்கியிருந்த கிரேன் ஓட்டுகிறவன்தான் பேரை முடிவு செய்தான்.

"தே பார்றா, அதிரசம் வந்துட்டாரு! மாமே, பக்கத்துல ஒக்காராத. எறும்பு ஏறிக்கினு வரும்."

வரிசை முழுக்கச் சிரித்தது. நானும் சிரித்தேன். சிரித்ததில் பொருக்கு விரிந்து ரத்தம் வந்தது. அதற்கும் சிரித்தார்கள்.

பட்டப்பேர் பரவாயில்லை. ஆனால் அடுத்த நாள் நான் தட்டோடு போய் உட்கார்ந்ததும் என் பெஞ்சில் இருந்தவர்கள் ஒவ்வொருவராக எழுந்தார்கள். தண்ணீர் குடிக்க டம்ளரை எடுத்தால், "அத்த நீயே வெச்சிக்க" என்றார்கள். சூப்பர்வைசர் வந்து பார்த்தார். முகத்தைச் சுளித்துக்கொண்டு, "சாப்ட்ற எடத்துல இன்னாய்யா இது கண்றாவி? நாளைலேந்து தட்ட எடுத்துக்கினு ஸ்கிராப் யார்டு பக்கம் பூடு" என்றார். அவர் நடையை நான் நடந்து காட்டியது அவருக்குத் தெரியும் என்று அன்றுதான் எனக்குத் தெரிந்தது. ஸ்கிராப் யார்டில் துரு பிடித்த இரும்புக்கு நடுவே உட்கார்ந்து சோறு தின்றேன். அங்கே ஒரு நாய் இருந்தது. அதற்கும் உடம்பில் சொறி. அது என்னைப் பார்த்துக் கொஞ்சம் நகர்ந்து படுத்துக்கொண்டது.

இதெல்லாம் எனக்குப் பெரிய பேஜாரு இல்லை. வேறு ஒன்றுதான் என்னை அரித்துக்கொண்டிருந்தது. அப்போது எனக்குப் பெண் குழந்தை பிறந்து கொஞ்ச நாள்தான் ஆகியிருந்தது. மனைவியும் குழந்தையும் சோழவரம் பக்கத்தில் என் மாமியார் வீட்டில். வருகிற ஞாயிற்றுக்கிழமை தொட்டில் போட்டுப் பேர் வைக்கிற விசேஷம். எங்கள் பக்கத்தில் அப்பன்தான் குழந்தையை மடியில் வாங்கி, காதோரம் குனிந்து, மூன்று தடவை பேர் சொல்ல வேண்டும். யார் வாயிலிருந்து அது காதில் விழுகிறதோ, அதுதான் பேர். பிறகு எவர் வந்தாலும் மாற்ற முடியாது.

நான் வைக்க நினைத்தது என் அம்மாவின் பேர். அம்மா ஊரார் நிலத்தில் நாற்று நட்டார். நிலமெல்லாம் கம்பெனியானதும் அதே இடத்தில் கம்பெனித் தரையைக் கூட்டினார். என் கல்யாணத்துக்கு முன்பே போய்விட்டார். என் மாமியாருக்கு அந்தப் பேர் பிடிக்கவில்லை. "அது நடவு நட்ற காலத்து பேரு மாப்ள. ஸ்கூல்ல புள்ளைங்க சிரிக்கும்" என்றார். நான் வாக்குவாதம் செய்யவில்லை. எதற்குச் செய்ய வேண்டும்? காதில் சொல்லப்போவது என் வாய். அந்த வாய்க்கு மட்டும் யாரும் பூட்டுப் போட முடியாது என்று தைரியமாக இருந்தேன். வாயைச் சுற்றி வெல்லம் காய்ச்சுவார்கள் என்று யார் கண்டது?

போனில் மாமியாரிடம் விஷயத்தைச் சொன்னேன். அவர் யோசிக்கவே இல்லை.

"அது அக்கி மாப்ள. ஒடம்பு சூடு. நெருப்பாண்ட நிக்கறீங்க இல்ல? மீஞ்சூராண்ட மண்பானை செய்றவரு ஒருத்தர் கீறாரு. அவராண்ட போயி அக்கி எழுதிக்கினு வாங்க. ஊசி கீசி போட்டா உள்ள பூந்துக்கும்."

"விசேசத்துக்குள்ள போயிடுமா அத்த?"

"எழுதிட்டா போச்சி. அப்பறம் யாரும் ஒண்ணியும் சொல்ல மாட்டாங்க."

கடைசியாகச் சொன்னதில்தான் அவருக்கு அக்கறை. எனக்கும் அதில்தான்.

அக்கி எழுதுவது என்றால் காவிக்கல்லைத் தண்ணீரில் குழைத்து, புண் மேல் கோடு இழுத்து, சிங்கம் வரைந்து விடுவது. சிங்கத்தைப் பார்த்து அக்கி ஓடிவிடும். நான் போன காலையில் எனக்கு முன்னால் விலாவில் புண்ணோடு ஒரு பெரியவர் உட்கார்ந்திருந்தார். அவருக்கு எழுதின அதே கிண்ணம், அதே கோழி இறகு என் மூஞ்சிக்கும் வந்தது. எனக்கு எழுதின பிறகு அதே இறகு இன்னொரு அம்மாவின் கழுத்துக்குப் போனது. மனிதர் வேற்றுமை பார்க்காதவர்.

கிழக்கே பார்த்து உட்கார வைத்து, தாவாக்கட்டை பூராவும் சில்லென்று பூசி வரைந்தார். கையில் வைத்திருந்த சின்னக் கண்ணாடியில் பார்த்தேன்.

"இன்னாங்க இது, பூனையா?"

"சிங்கம்."

"பால் குடிக்கிற சிங்கமாட்டம் கீதே."

"வாய மூட்றா. நீ பேசப் பேச வாலு கோணிக்குது."

அவர் சொன்ன பத்தியம் இதுதான்: விசேஷம் வரைக்கும் தினமும் வந்து எழுதிக்கொள்ள வேண்டும். குளிக்கக் கூடாது. முகத்தில் தண்ணீர் படக் கூடாது. சோப்பைக் கண்ணால் கூடப் பார்க்கக் கூடாது. மண் தானாக உதிர வேண்டும். குளிக்காதே என்று ஒருவர் உத்தரவு போட்டால் அதை என்னைப் போல உண்மையாகக் கடைப்பிடிக்க யாராலும் முடியாது. கம்பித்தூசி, புகை, வேர்வை எல்லாம் சிங்கத்தின் மேல் படிந்தன. மறுநாள் அதன் மேலேயே புதுச் சிங்கம் வரைந்தார். ஹெல்மெட் நாடாவை இறுக்கினால் சிங்கத்தின் இடுப்பில் போய் அழுந்தும். மண்ணுக்குக் கீழே ஏதோ ஈரமாக ஊறுவது தெரிந்தது. நோய் இறங்குகிறது என்று நினைத்துக்கொண்டேன். அது இறங்கத்தான் செய்தது. தாவாக்கட்டையிலிருந்து கழுத்துக்கு.

ஞாயிற்றுக்கிழமை புதுச்சட்டை போட்டுக்கொண்டு பஸ் ஏறினேன். என் பக்கத்து சீட் சோழவரம் வரைக்கும் காலி. நின்றுகொண்டு வந்தவர்கள் கால் வலிக்க நின்றார்கள், உட்காரவில்லை. கண்டக்டர் டிக்கெட்டை இரண்டு விரல் நுனியில் பிடித்து நீட்டினார். முன் சீட்டில் தாயின் தோளில் கிடந்த ஒரு குழந்தை என்னைப் பார்த்ததும் வீல் என்று கத்தியது. அதன் அம்மா திரும்பிப் பார்த்து, அவளும் கத்தப் போய் அடக்கிக்கொண்டாள். நான் சிரித்து வைத்தேன். சிங்கத்தின் வாய் பிளந்திருக்கும்.

மாமியார் வீட்டு வாசலில் சாமியானா, ஷூ போட்ட போட்டோகிராபர், பெட்டியில் கேக், பிரியாணி அண்டா. என்னைப் பார்த்ததும் சொந்தக்காரர்கள் பேச்சை நிறுத்தினார்கள். மாமியார் ஓடிவந்து என் முன்னால் நின்று, எல்லாருக்கும் கேட்கிற மாதிரி அறிவித்தார்.

"அக்கிதான். சூடு. எழுதிக்கினு வந்துகீறாரு. இது ஒட்ற வியாதி இல்ல."

அவ்வளவுதான், எல்லார் முகமும் தெளிந்தது. "ஓ, அக்கியா", "எங்க மாமாவுக்கும் வந்துச்சி", "எழுதினா போயிடும்" என்று ஆளாளுக்குத் தலையாட்டினார்கள். பஸ்ஸில் பேயாக வந்தவன் பந்தலில் மாப்பிள்ளையாகிவிட்டேன். கேன்டீனில் விரட்டின அதே மூஞ்சிதான். மேலே மண் இருந்தது, அது ஒன்றுதான் வித்தியாசம்.

பாயில் என் மனைவி குழந்தையை மடியில் வைத்துக்கொண்டு உட்கார்ந்திருந்தாள். பக்கத்தில் கிண்ணத்தில் சர்க்கரைத் தண்ணீர். குழந்தை கண்ணை மூடி, உதட்டைக் குவித்துத் தூங்கியது. அதன் மூஞ்சி என் ஜாடை இல்லை. தப்பித்தது என்று சந்தோஷப்பட்டேன்.

"குந்துங்க மாப்ள. சக்கரத் தண்ணிய நாக்குல வெச்சிட்டு, காதாண்ட குனிஞ்சி சொல்லுங்க" என்றார் மாமியார்.

நான் உட்கார்ந்து குனிந்தேன். அம்மாவின் பேர் நாக்கு நுனிக்கு வந்துவிட்டது. போட்டோகிராபர், "சார், இன்னும் கிட்ட, கன்னத்தோட கன்னம்" என்றான். அப்போது மண்ணின் விரிசலிலிருந்து மஞ்சளாக ஒரு சொட்டு வழிந்து தாவாக்கட்டையில் தொங்கியது. நான் அதைப் பார்க்கவில்லை. என் மனைவி பார்த்துவிட்டாள். ஒரு கையால் குழந்தையின் முகத்தை மூடினாள். மறு கையை என் நெஞ்சில் வைத்து ஒரு தள்ளு தள்ளினாள்.

பச்சை உடம்புக்காரிக்கு அவ்வளவு பலம் எங்கிருந்து வந்ததோ, நான் மல்லாக்க விழுந்தேன். சர்க்கரைத் தண்ணீர் என் புதுச்சட்டைக்குள் போனது.

"எந்திரிச்சி அந்தாண்ட போ" என்றாள்.

ஊர் முன்னால் என்னை 'வாங்க, போங்க' என்றுதான் பேசுவாள். தனியாக இருக்கும்போதுதான் 'யோவ்'. அன்று ஊரையே கூட்டிவைத்து 'யோவ்'.

"யோவ், போன்னு சொல்றேன் இல்ல? சீழு வடியுது. ஆஸ்பத்திரில எனக்குப் பக்கத்து பெட்டுக்காரிய பாக்க மூஞ்சில புண்ணோட ஒருத்தன் வந்தான். நர்சம்மா வாசப்படிலயே வெச்சி எப்பிடி கத்துச்சி தெரியுமா? பச்சக் கொழந்த கிட்ட இந்த மாதிரி மூஞ்சி வரவே கூடாதுன்னு."

"ஏய், அது அக்கிடி! ஊரு முன்னால புருசன தள்ளுவியா?" என்று பதறினார் மாமியார்.

"நான் அவுர தள்ளல. அந்த மூஞ்சியத்தான் தள்ளுனேன். அத்த கழட்டி வெச்சிட்டு வரச் சொல்லு, மடில குந்த வெச்சிக்கிறேன்."

பந்தல் மொத்தமும் சிரித்தது. சிரிப்பு என் ஏரியா. அதை எப்படி விடுவது? தரையில் கிடந்தபடியே, "கழட்டி வெச்சா அதான் நல்லாக்கீதுன்னு உங்கம்மா அத்தயே மாப்ளயா வெச்சிக்கும்" என்றேன். ஒருவரும் சிரிக்கவில்லை. என் மனைவி மட்டும் என்னை நேராகப் பார்த்தாள்.

"சிரிக்க வெச்சி சிரிக்க வெச்சே ஒரு நாளு இந்தக் கொழந்தைய கொன்னுடுவ."

அப்புறம் அவள் என் பக்கம் திரும்பவில்லை. நல்ல நேரம் போகிறது என்று யாரோ அவசரப்படுத்தினார்கள். தாய்மாமன் சொன்னாலும் தப்பில்லை என்று இன்னொருவர் சட்டம் சொன்னார். என் மச்சான், அதாவது மனைவியின் தம்பி, முடியைத் தடவி விட்டுக்கொண்டு உட்கார்ந்தான். அவன் குனிகிறபோது நான் பந்தலுக்கு வெளியே வந்துவிட்டேன். காதில் சொல்கிற பேர் பந்தலுக்கு வெளியே கேட்காது. என்ன சொன்னான் என்று எனக்குத் தெரியாது. நான் ஆசைப்பட்ட பேர் எல்லாருக்கும் தெரியும், சொல்லியிருப்பான் என்று என்னை நானே தேற்றிக்கொண்டேன்.

தெருக்கோடியில் தண்ணீர் மோட்டார் ரூம் பக்கத்துச் சின்னப் பாலத்தில் உட்கார்ந்திருந்தேன். மாமியார் ஒரு பேப்பர் தட்டில் பிரியாணி கொண்டுவந்து, கொஞ்சம் தள்ளி வைத்துவிட்டு, "இங்கயே சாப்ட்டுடுங்க மாப்ள. தட்ட தூக்கிப் போட்ருங்க" என்றார். கோபத்தில் தொடாமல் எழுந்து போயிருந்தால் இந்த இடத்தில் எனக்கு ஒரு மரியாதை இருந்திருக்கும். ஆனால் பிரியாணி. எலும்பையும் விடவில்லை.

மறுநாள் ஆரம்ப சுகாதார நிலையத்துக்குப் போனேன். உடம்பு சரியாக வேண்டும் என்று போகவில்லை. இது அக்கிதான், ஒட்டாது என்று டாக்டர் வாயாலேயே சொல்ல வைத்து, அதை போனில் ஸ்பீக்கரில் போட்டு என் மனைவிக்குக் கேட்க வைக்க வேண்டும் என்று போனேன். மானம் போன ஆம்பளைக்கு மருத்துவத்தில் ஏற்படுகிற ஆர்வம் இவ்வளவுதான்.

டாக்டர் ஒரு அம்மா. என்னைப் பார்த்ததும் பேனாவைக் கீழே வைத்தார்.

"யாருப்பா இந்த ஓவியம் போட்டது?"

"அக்கி எழுதியிருக்கு டாக்டர்."

"வெளியே குழாய் இருக்கு. சோப்பு போட்டு மொத்தத்தையும் கழுவிட்டு வா. அப்புறம் பேசலாம்."

வரிசையில் உட்கார்ந்திருந்த அத்தனை பேரும் பார்க்க நான் மூஞ்சி கழுவினேன். சிவப்புத் தண்ணீர் ஓடியது. சிங்கங்கள் ஒவ்வொன்றாகச் சாக்கடையில் இறங்கின. கடைசியில் கீழே என்ன இருக்கிறது என்று பார்த்த ஒரு பாட்டி, "அய்ய" என்று முந்தானையால் வாயைப் பொத்திக்கொண்டார்.

டாக்டர் லைட் அடித்துப் பார்த்தார். "அக்கின்னா ஒரு பக்கமாத்தான் வரும். வரிசையா கொப்புளம் போடும், நெருப்பு வெச்ச மாதிரி எரியும். உனக்கு எரியுதா?"

"அரிக்குது."

"அதான். இது கிருமிப் புண்ணு. சின்னதா சிவக்கும், தண்ணி கோத்துக்கும், உடைஞ்சி ஒழுகும், அப்புறம் தேன் காய்ஞ்ச மாதிரி பொருக்குத் தட்டும். நீ கை வெக்கிற இடமெல்லாம் போகும். உன் கை, உன் துண்டு, உன் தலகாணி எல்லாமே அதுக்கு பஸ்சு. தாடைல எது போய் உரசுது உனக்கு?"

யோசித்தேன். "ஹெல்மெட் நாடா."

"உன்னுதா?"

"தொட்டில கெடக்கும். கெடச்சத எடுத்துப் போட்டுக்குவோம்."

அவர் ஒரு சின்னச் சிரிப்புச் சிரித்தார். அது எனக்காகச் சிரித்தது இல்லை. பிறகு கேட்டார். "வீட்ல குழந்தைங்க இருக்கா?"

"நேத்துதான் பேரு வெச்சாங்க. பச்சக் கொழந்த."

எழுதிக்கொண்டிருந்த கை நின்றது. "தூக்கினியா?"

"இல்ல டாக்டர்."

"முத்தம் குடுத்தியா? கன்னத்தோட கன்னம் வெச்சியா? உண்மைய சொல்லு."

"வெக்கப் போனேன். பொண்டாட்டி புடிச்சி தள்ளிட்டா. ஊரே சிரிச்சிது."

அவர் நாற்காலியில் சாய்ந்துகொண்டார். பச்சைக் குழந்தைக்கு இந்தக் கிருமி போனால் என்ன ஆகும் என்று மெதுவாகச் சொன்னார். வெந்நீர் கொட்டின மாதிரி தோல் பெரிது பெரிதாகக் கொப்பளித்து உரியும். ஜுரம் வரும். ரத்தத்தில் கலந்தால் பிழைப்பதே கஷ்டம். என் மகளின் தோல் வாழைப்பூ உள்மடல் மாதிரி இருந்தது எனக்கு அப்போது நினைவுக்கு வந்தது. ஸ்பீக்கரில் போடலாம் என்று கையில் தயாராக வைத்திருந்த போனைப் பாக்கெட்டில் போட்டேன்.

"உன் பொண்டாட்டி எங்கயாவது வேலைக்குப் போறாங்களா?"

"இல்ல டாக்டர்."

"இங்க அனுப்பு. எனக்கு ஆள் பத்தல."

மருந்து எளிதாகத்தான் இருந்தது. வெதுவெதுப்பான தண்ணீரில் சுத்தமான துணியை நனைத்துப் பொருக்கின் மேல் வைத்து ஊற வைக்க வேண்டும். ஊறியதை மெல்லத் துடைத்து எடுக்க வேண்டும், பிய்க்கக் கூடாது. பிறகு களிம்பை மெல்லிசாகப் போட்டு உடனே கையைக் கழுவ வேண்டும். புண் கழுத்து வரைக்கும் பரவியிருந்ததால் மாத்திரையும் கொடுத்தார். காய்ந்துவிட்டதே என்று பாதியில் நிறுத்தக் கூடாது என்று இரண்டு தடவை சொன்னார். என் மூஞ்சியைப் பார்த்து மூன்றாவது தடவையும் சொன்னார். நகத்தை ஒட்ட வெட்டு. ஷேவ் பண்ணாதே. துண்டு, தலையணை உறை தனி, வெந்நீரில் துவைத்து வெயிலில் போடு. ஜுரம் வந்தாலோ, முகம் வீங்கினாலோ, மூத்திரம் டீத்தண்ணி நிறத்தில் போனாலோ ஓடி வா. புண் முழுசாகக் காய்ந்து, நான் பார்த்துச் சொல்கிற வரைக்கும் குழந்தை இருக்கிற தெருப்பக்கம் போகாதே என்றார்.

ரூமுக்கு வந்து கிரேன் ஓட்டுகிறவனிடம் முதலில் சொன்னது, "மாமே, என் துண்ட தொடாத" என்று. அவன் அதே துண்டால் முகத்தைத் துடைத்துக்கொண்டே, "ஒன் துண்டுல இன்னா தங்கமா காச்சிக்கீது?" என்றான்.

மறுநாள் கேன்டீன் வரிசையில் அவன்தான் தன் போனைத் தூக்கிக் காட்டினான். ரூமுக்கு வந்துபோய் அவனுக்கும் பழக்கமாகியிருந்த என் மச்சான் ஸ்டேட்டஸில் விசேஷப் படம் போட்டிருந்தான். கேக் மேல் ரோஸ் கலர் கிரீமில் இங்கிலீஷில் என் மகளின் பேர். கேக் காலையிலேயே பெட்டியில் வந்துவிட்டது என்பது எனக்கு அப்போதுதான் உறைத்தது. நான் பஸ்ஸில் குழந்தைகளைக் கத்த வைத்துக்கொண்டிருந்தபோதே அதில் பேர் எழுதியாகிவிட்டது. நான் காது வரைக்கும் போய்ச் சேரமாட்டேன் என்று கடையில் பேர் சொன்னவர்களுக்கு என் மூஞ்சி மேல் அவ்வளவு நம்பிக்கை.

"இன்னா எழுதிக்கீது, படி" என்றேன்.

அவன் பெஞ்சு மேல் ஏறி நின்று, கேன்டீன் முழுக்கக் கேட்கிற மாதிரி ஒவ்வொரு எழுத்தாகப் படித்தான். நடுவில் ஒரு 'ஷ்' வந்தது, கடைசியில் இன்னொரு 'ஷ்' வந்தது. என் அம்மாவின் பேரில் 'ஷ்' எங்கும் கிடையாது. "அதிரசத்தோட பொண்ணு பேரு ஷூக்கடை மாதிரி கீதுடா!" என்று எவனோ கத்தினான். ஸ்கிராப் யார்டுக்கு நானே தட்டை எடுத்துக்கொண்டு போனேன்.

அங்கிருந்து மனைவிக்கு போன் பண்ணினேன். டாக்டர் சொன்னதை முதலில் சொன்னேன். அவள் "ம்" என்றாள். பிறகு கேட்டேன்.

"எங்கம்மா பேரு ஒனக்குத் தெரியும் இல்ல? ஒன் தம்பியாண்ட ஒரு வார்த்த சொல்லக் கூடாதா?"

குழந்தை உறிஞ்சுகிற சத்தம் கேட்டது.

"சொல்லியிருக்கலாம். ஒரு கையால கொழந்தைய புட்சிக்கினு கீறேன், ஒரு கையால ஒன்ன தள்றேன். ஊரே என்ன ராட்சசின்னுது. எங்கம்மா என்ன அடிக்க கை ஓங்குது. அந்த நேரத்துல ஒங்கம்மாவ காப்பாத்த எனக்கு மூணாவது கை இல்லய்யா."

போனை வைத்துவிட்டு மிச்சச் சோற்றை அந்த நாய்ப் பக்கம் தள்ளி வைத்தேன்.

நாடா விஷயத்தை சூப்பர்வைசரிடம் சொன்னேன். ஆளுக்கு ஒரு ஹெல்மெட் வேண்டாம் சார், நாடாவை மட்டுமாவது தினமும் சோப்புத் தண்ணீரில் முக்கச் சொல்லுங்கள் என்றேன். அவர் தொட்டியிலிருந்து இருப்பதிலேயே விரிசல் விட்ட ஒரு ஹெல்மெட்டை எடுத்து, மார்க்கரால் பெரிதாக 'அதிரசம்' என்று எழுதி என் தலையில் வைத்தார். "இனிமே இது ஒனக்கு. மத்தவன் எவனும் தொட மாட்டான். போதுமா?" என்றார். சுற்றி நின்றவர்கள் கை தட்டினார்கள். அந்தக் கம்பெனியில் சொந்த ஹெல்மெட் வைத்திருந்த ஒரே கான்ட்ராக்ட் ஆள் நான்தான். நாடாவைத் தினமும் கழுவினேன். மற்ற ஹெல்மெட்டுகள் வழக்கம்போலத் தொட்டியில் குவிந்தன. கொஞ்ச நாளில் கிரேன் ஓட்டுகிறவனின் உதட்டோரத்தில் வெல்லம் காய ஆரம்பித்தது. டாக்டரிடம் போடா என்றேன். "நீ என்ன அங்க அனுப்பி, ஒட்ற வியாதின்னு கம்பெனில மாட்டி வுடப் பாக்கற" என்று சொல்லிவிட்டு மீஞ்சூர் ரயிலைப் பிடித்தான். திரும்பி வந்தபோது அவன் கன்னத்தில் இருந்த சிங்கம் என்னுடையதைவிட நன்றாக இருந்தது. நான் யாரும் கேட்காமலேயே அவனுக்கு 'சர்க்கஸ்' என்று பேர் வைத்தேன்.

என் புண் காய்ந்தது. பொருக்கு உதிர்ந்த இடங்களில் ரோஸ் கலரில் வட்டம் வட்டமாகத் தழும்பு. அது தானாக மறையும் என்று டாக்டர் சொல்லி, குழந்தையைப் பார்க்கப் போகலாம் என்றார். மாத்திரையை ஒன்று விடாமல் முடித்திருந்தேன். என் வாழ்க்கையில் நான் கடைசி வரை முடித்த முதல் படிப்பு அது.

சோழவரத்தில் என் மனைவி வாசலிலேயே என்னை நிறுத்தினாள். சந்தையில் கத்திரிக்காய் பார்ப்பது மாதிரி என் தாவாக்கட்டையைப் பிடித்து இந்தப் பக்கம் திருப்பினாள், அந்தப் பக்கம் திருப்பினாள். நகத்தைப் பார்த்தாள். முழங்கை வரைக்கும் சோப்பு போட வைத்தாள். பிறகு குழந்தையை என் மடியில் வைத்தாள்.

குழந்தை விழித்திருந்தது. என்னை முறைத்துப் பார்த்தது. என் மச்சான் பின்னால் நின்று, தன் உரிமையைக் காட்டுகிற மாதிரி, அந்தப் பேரைச் சொல்லிக் கூப்பிட்டான். உடனே குழந்தை தலையை அவன் குரல் பக்கம் திருப்பியது. எல்லாருக்கும் பெருமை.

"பேரு நல்லாக்கீது இல்ல மாப்ள? நீங்களும் ஒரு வாட்டி கூப்புடுங்க" என்றார் மாமியார்.

குனிந்தேன். எந்தப் புண்ணும் இல்லாத மூஞ்சியோடு, காதோரம் வரைக்கும் போனேன். என் அம்மாவின் பேர் அங்கே வந்து நின்றது. மூன்று தடவை சொல்ல எவ்வளவு நேரம் ஆகிவிடும்? ஆனால் அது இனிமேல் பேர் இல்லை, வெறும் சத்தம். நான் அவர்கள் வைத்த பேரைச் சொன்னேன். இரண்டு 'ஷ்'ஷும் என் நாக்கில் சிக்கி, கோழி விரட்டுகிற மாதிரி வந்தது. மாமியார் சிரித்தார். மச்சான் வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரித்தான். "திருப்பி சொல்லுங்க மாமா, திருப்பி சொல்லுங்க" என்றான். திருப்பிச் சொன்னேன், இன்னும் மோசமாக. மூன்றாவது தடவையும் சொன்னேன்.

என் மனைவி சிரிக்கவில்லை. நான் வேண்டுமென்றுதான் அப்படிச் சொல்கிறேன் என்று அவளுக்கு மட்டும் தெரிந்துவிட்டது. இப்போது என் மகள் ஓடித் திரிகிறாள். அந்தப் பேரை நான் இன்று வரைக்கும் ஒழுங்காகச் சொன்னது கிடையாது. அப்பாவுக்குப் படிப்பு இல்லை, நாக்கு வளையாது என்று எல்லாரிடமும் சொல்லிச் சிரிக்கிறாள். அவள் அம்மாவும் அதை மறுத்துச் சொல்வதில்லை.